ஒளிப்பதிவும் படத்தொகுப்பும்: இரண்டையும் கற்றுக்கொண்டு திரைத்தொழிலுக்குள் நுழையும் வழி

தமிழ்த் திரைத்துறையில் ஒளிப்பதிவாளராகவோ படத்தொகுப்பாளராகவோ வர விரும்புகிறவர்களில் பெரும்பாலோர், இரண்டில் ஒன்றைத் தொடக்கத்திலேயே முடிவுசெய்துகொண்டு மற்றொன்றை அடுத்தவர் வேலை என்று விட்டுவிடுகின்றனர். கேமராவைப் பிடித்தவர் எடிட்டிங் அறைப் பக்கம் வருவதில்லை. எடிட்டிங் அறைக்குள் போனவர் வெயிலில் நின்று ஒரு ஷாட்கூட எடுத்துப் பார்த்ததில்லை. பிழைப்புக்கான தொழில் ஒன்றாகவே இருக்கட்டும். ஆனால் பயிற்சிக் காலத்தில் இரண்டையும் கற்றே தீர வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. எடுக்கும்போதே அந்தக் காட்சி எங்கே வெட்டப்படும் என்று காணத் தெரிந்த ஒளிப்பதிவாளரையும், வெட்டும்போது அந்த ஷாட் எப்படிப்பட்ட நெருக்கடியில் எடுக்கப்பட்டிருக்கும் என்று உணரத் தெரிந்த படத்தொகுப்பாளரையும் இயக்குநர்கள் எளிதில் கைவிடுவதில்லை.

இதற்கு நம்மிடையே இருந்த மிகச் சிறந்த சான்று பாலு மகேந்திரா. மட்டக்களப்புக்கு அருகே அமிர்தகழியில் 1939இல் பிறந்த அவர், புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்று, 1974இல் வெளியான ‘நெல்லு’ என்ற மலையாளப் படத்தின் வழியாக ஒளிப்பதிவாளராக அறிமுகமானார். ‘கோகிலா’, ‘மூன்றாம் பிறை’ ஆகிய படங்களின் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருது பெற்ற அவர், ‘வீடு’, ‘சந்தியா ராகம்’ போன்ற படங்களை இயக்கியதோடு, அவற்றுக்கு ஒளிப்பதிவும் படத்தொகுப்பும் தாமே செய்தார். ஜன்னல் வழியாக வரும் பகல் வெளிச்சத்தை நம்பி ஒரு காட்சியை அமைப்பதும், அந்த வெளிச்சத்தில் ஒரு முகத்தை எத்தனை வினாடி பார்க்க வேண்டும் என்று தீர்மானிப்பதும் ஒரே மனத்தில் நடந்தன. எதிர்த் திசையிலிருந்தும் சான்று உண்டு. இயக்குநர் ஏ. பீம்சிங் படத்தொகுப்பு உதவியாளராகத் தொடங்கியவர். அவருடைய மகன் பி. லெனின் படத்தொகுப்பில் பெரும்பெயர் பெற்ற பிறகு தாமே படங்களை இயக்கித் தேசிய விருதும் பெற்றார்.

கேமரா வாங்குவதற்கு முன் செய்ய வேண்டியவை

விலை உயர்ந்த கேமராவைக் கடன் வாங்கி வாங்குவதை முதல் வேலையாக வைத்துக்கொள்ள வேண்டாம். ஃபோகஸ், எக்ஸ்போஷர் (பதிவாகும் ஒளியின் அளவு), ஒயிட் பேலன்ஸ் (வெள்ளை வெள்ளையாகத் தெரியச் செய்யும் நிறச் சமநிலை) மூன்றையும் கையால் பூட்டி வைக்க வழி தரும் ஒரு கைபேசியே தொடக்கத்துக்குப் போதும். தானியங்கி அமைப்பில் எடுக்கும் வரை ஒளியைப் பற்றி எதையும் கற்க முடியாது. ஏனெனில் நாம் எடுக்க வேண்டிய முடிவுகளைக் கருவியே எடுத்துவிடுகிறது.

வீட்டில் ஒரு ஜன்னலைத் தேர்ந்தெடுத்து, ஒரே ஆளை ஒரே நாற்காலியில் உட்காரவைத்து, காலை ஏழு மணிக்கும், நண்பகலிலும், மாலை நான்கு மணிக்கும், விளக்கு வைக்கும் நேரத்திலும் படமெடுத்துப் பாருங்கள். அந்த முகத்தின் எந்தப் பக்கம் எத்தனை இருண்டிருக்கிறது, கண்ணில் ஒளிப்புள்ளி எங்கே விழுகிறது, சுவர் முகத்தைவிடப் பளிச்சென்று தெரிகிறதா என்று குறித்து வையுங்கள். பிறகு இருண்ட பக்கத்தில் ஒரு தெர்மாகோல் பலகையைப் பிடித்து ஒளியைத் திருப்பி அனுப்புங்கள். அடுத்து அதே இடத்தில் கருப்புத் துணியைத் தொங்கவிட்டுப் பாருங்கள். பெரிய படப்பிடிப்புத் தளங்களிலும் தெர்மாகோலும் கருப்புத் துணியும் அன்றாடம் பயன்படுகின்றன. ஒளியின் திசை, அது வரும் பரப்பின் அகலம், அதன் தொலைவு ஆகிய மூன்றையும் இந்த ஜன்னலே கற்றுத் தரும். விளக்குகளின் பெயர்களைப் பிறகு தெரிந்துகொள்ளலாம்.

நம் ஊர் வெயில் தனியாகப் படிக்கப்பட வேண்டிய பாடம். சென்னை ஏறக்குறைய 13 பாகை வட அட்சத்தில் இருப்பதால், ஏப்ரல் இறுதியிலும் ஆகஸ்ட் நடுவிலும் நண்பகலில் சூரியன் தலைக்கு நேர்மேலே வந்துவிடுகிறது. அந்த நேரத்தில் எடுக்கும் முகங்களில் கண்குழிகள் கறுத்தும், மூக்கும் நெற்றியும் வெளுத்தும் போகும். எனவே நெருக்கமான ஷாட்களைக் காலையிலும் மாலையிலும் வைத்துக்கொண்டு, நண்பகலில் உள்ளரங்கக் காட்சிகளையோ நிழலில் நடக்கும் காட்சிகளையோ எடுக்கும்படி நாளைத் திட்டமிடுவதும், வேறு வழியில்லாதபோது தலைக்கு மேலே மெல்லிய வெள்ளைத் துணி கட்டி வெயிலைப் பரப்புவதும் ஒளிப்பதிவாளரின் வேலை. இவ்வாறு நாளைப் பிரித்து எடுக்கும்போது, காலையில் எடுத்த க்ளோசப்பும் மாலையில் எடுத்த, காட்சி முழுவதையும் அகலமாகக் காட்டும் மாஸ்டர் ஷாட்டும் திரையில் ஒரே நிமிடத்தில் அடுத்தடுத்து வரும் என்பதை மறக்கக் கூடாது. வெயிலின் திசை மாறியிருப்பதைப் பார்வையாளர் உணராதபடி காப்பாற்ற வேண்டியவர் நீங்கள்தான்.

மின்விளக்குகளிலும் ஒரு சிக்கல் உண்டு. நம் நாட்டு மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் அலைவில் ஓடுவதால், பழைய ட்யூப் லைட்டுகளும் மலிவான எல்.இ.டி. விளக்குகளும் வினாடிக்கு 100 முறை மங்கிப் பிரகாசிக்கின்றன. வினாடிக்கு 24 ஃபிரேம் என்ற வேகத்தில் ஒளி விழும் நேரத்தைத் தீர்மானிக்கும் ஷட்டரை 180 பாகையில் வைத்தால் ஒரு ஃபிரேமுக்கு 1/48 வினாடி ஒளி கிடைக்கிறது. இது மின்சாரத்தின் அலைவோடு பொருந்தாமல் திரையில் துடிப்பை உண்டாக்கலாம். ஷட்டரை 172.8 பாகைக்கு, அதாவது 1/50 வினாடிக்கு, மாற்றினால் பெரும்பாலும் இது நின்றுவிடும். படப்பிடிப்பு முடிந்து எடிட்டிங்குக்கு வந்த பிறகு இந்தத் துடிப்பை நீக்குவது மிகுந்த உழைப்பையும் பணத்தையும் கேட்கும் என்பதால், புதிய இடத்தில் முதல் ஷாட்டுக்கு முன் சில வினாடிகள் எடுத்து ஓட்டிப் பார்த்துவிடுவது நல்லது.

எடுத்ததை நீங்களே வெட்டுங்கள்

முழுக் கட்டுரையிலும் ஒரே ஒரு பயிற்சியைத்தான் செய்ய நேரமிருக்கிறது என்று யாராவது சொன்னால், அவருக்கு இதைத்தான் சொல்வேன். இரண்டு பேர் ஒரு மேசையின் இருபுறமும் அமர்ந்து இரண்டு நிமிடம் பேசும் ஒரு காட்சியை எழுதுங்கள். நடுவில் ஒருவர் எழுந்து கதவு வரை போய்த் திரும்பட்டும். அதை எடுத்து, அன்று இரவே உட்கார்ந்து தொகுங்கள். டாவின்சி ரிசால்வ் மென்பொருளின் இலவசப் பதிப்பு இதற்குத் தாராளமாகப் போதும்.

தொகுக்கத் தொடங்கியதும் குறைகள் ஒவ்வொன்றாக வெளிவரும். ஒருவர் வலப்புறமும் மற்றவர் இடப்புறமும் பார்க்க வேண்டியிருக்க, இருவரையும் இணைக்கும் கற்பனைக் கோட்டைத் தாண்டி கேமராவை வைத்ததால் இருவரும் ஒரே திசையில் பார்த்துக்கொண்டிருப்பார்கள்; தளத்தில் ‘லுக் தப்பு’ என்று சொல்வது இதைத்தான். எழுந்து நடக்கும் செயல் மாஸ்டர் ஷாட்டில் மட்டும் இருக்கும். க்ளோசப்பில் அந்த எழுச்சியின் தொடக்கம் இருக்காது என்பதால் செயலின் நடுவே வெட்ட முடியாது. கடைசி வார்த்தை முடிந்ததுமே கேமராவை நிறுத்தியிருப்பதால், கேட்டவரின் முகம் மாறும் அந்தக் கணம் பதிவாகியே இருக்காது. கதவு வழியாக வெளியேறும் ஷாட்டில் ஆள் சட்டகத்தை விட்டு முழுதும் நீங்கும் முன் நிறுத்தியிருப்பீர்கள். ஒருவரின் தோளுக்குப் பின்னாலிருந்து மற்றவரைக் காட்டும் சஜஷன் ஷாட்டில் முதுகு காட்டுகிறவரின் கை மேசைமேல் இருக்க, எதிர் ஷாட்டில் அதே கை மடியில் இருக்கும்.

குறைகளை எழுதி வைத்துக்கொண்டு, மறுநாள் அதே காட்சியை அதே ஆட்களோடு மீண்டும் எடுங்கள். இம்முறை ஒவ்வொரு செயலையும் இரண்டு ஷாட்களிலும் முழுமையாகச் செய்யச் சொல்லுங்கள். உரையாடல் முடிந்த பிறகும் ஐந்து வினாடி ஓடவிடுங்கள். அந்த அறையின் வெறும் ஒலியை அரை நிமிடம் தனியாகப் பதிவுசெய்யுங்கள். இரண்டாம் தொகுப்பு முதல் தொகுப்பைவிட எவ்வளவு எளிதாக ஓடுகிறது என்பதை உங்கள் கைகளே உணரும். வெளிச்சத்தை மாற்றி, இடத்தை மாற்றி இதைத் தொடர்ந்து செய்கிறவர், உதவியாளராகச் சேரும் நாளில் பலரைவிட வெகுதூரம் முன்னே நிற்பார்.

அடுத்து, நீங்கள் எடுக்காத காட்சிகளைத் தொகுக்க வேண்டும். நாமே எடுத்த ஷாட்டுக்குப் பட்ட பாடு நமக்குத் தெரியும் என்பதால் அதை வெட்டியெறிய மனம் வராது. பிறர் எடுத்ததில் அந்தப் பற்று இருக்காது. குறும்படம் எடுக்கும் நண்பர்களிடம் ரஷ், அதாவது இன்னும் தொகுக்கப்படாத காட்சிகளை, கேட்டு வாங்கி, முதலில் எல்லா டேக்குகளையும் ஒன்றுவிடாமல் பாருங்கள். பார்க்கும்போதே எங்கே மனம் அசைந்தது என்று குறித்துக்கொள்ளுங்கள். பத்தாவது முறை பார்க்கும்போது அந்த முதல் உணர்வு திரும்ப வராது. பிறகு ஒலியே இல்லாமல் ஒரு முறையும், படத்தைப் பார்க்காமல் ஒலியை மட்டும் கேட்டு ஒரு முறையும் உங்கள் தொகுப்பைச் சோதியுங்கள். உரையாடுகிறவரின் முகத்திலேயே நிற்கும் பழக்கம் புதியவர்கள் எல்லோருக்கும் உண்டு. கேட்பவரின் முகத்துக்கு எப்போது போவது என்பதில்தான் தொகுப்பாளரின் தனித்தன்மை தெரிகிறது. அடுத்தடுத்து வைக்கப்படும் இரண்டு ஷாட்கள் சேர்ந்து மூன்றாவதாக ஒரு பொருளைத் தருகின்றன என்பதை ரஷ்யாவின் லெவ் குலஷோவ், ஒரு நடிகரின் மாறாத முகத்தை வெவ்வேறு காட்சிகளோடு இணைத்துக் காட்டி ஒரு நூற்றாண்டுக்கு முன்பே விளக்கினார். அதைக் கைபேசியில் நீங்களே செய்து பார்க்கலாம்.

ஃபிலிம் காலத்து ஒழுங்கு ஒன்றை இன்றும் கடைப்பிடிப்பது நன்மை தரும். 35 மில்லிமீட்டர் ஃபிலிமில் 400 அடிச் சுருள் 4 நிமிடம் 26 வினாடி மட்டுமே ஓடும். ஒவ்வொரு டேக்கும் காசு. இன்று மெமரி கார்டு நிறைவதே தெரியாததால், ஒத்திகையையும் இடைவேளைப் பேச்சையும் சேர்த்தே பதிவுசெய்து, எடிட்டிங் அறைக்கு மணிக்கணக்கில் குவித்துவிடுகிறார்கள். அவ்வளவையும் ஒருவர் உட்கார்ந்து பார்த்தாக வேண்டும். தொகுத்துப் பழகியவர் கேமராவை இயக்கும்போது தேவையற்றதைத் தாமாகவே எடுக்காமல் விடுவார்.

கல்லூரியா, குருவா

இரண்டு வழிகளும் நல்லவையே. பணமும் வயதும் குடும்பச் சூழலும் இதை முடிவுசெய்யட்டும். சென்னை தரமணியில் உள்ள தமிழ்நாடு அரசு எம்.ஜி.ஆர். திரைப்படம் மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் பிளஸ் டூ முடித்தவர்கள் ஒளிப்பதிவு, படத்தொகுப்பு உள்ளிட்ட துறைகளில் நான்காண்டு பட்டப்படிப்பில் சேரலாம். இடங்கள் குறைவு என்பதால் ஆண்டுதோறும் வரும் அறிவிப்பைக் கவனித்து, அதில் சொல்லப்படும் வயது வரம்பையும் பாடத் தகுதியையும் முன்கூட்டியே பார்த்துக்கொள்ள வேண்டும். பட்டம் பெற்றவர்கள், 1960இல் தொடங்கப்பட்ட புனே நிறுவனத்துக்கும் 1995இல் தொடங்கப்பட்ட கொல்கத்தா சத்யஜித் ராய் நிறுவனத்துக்கும் நுழைவுத் தேர்வு எழுதலாம். இந்த நிறுவனங்களின் பெரிய பயன், வகுப்பறைப் பாடத்தைவிட, இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, ஒலி ஆகிய துறைகளின் மாணவர்கள் ஒரே குழுவாகப் பயிற்சிப் படம் எடுப்பதில் இருக்கிறது. அங்கே அமைகிற உறவுகள் பல ஆண்டுகள் தொடர்கின்றன. பெருந்தொகை கேட்கும் தனியார் பயிற்சி நிலையங்களில் சேர்வதற்கு முன், அங்கே முந்தைய ஆண்டுகளில் படித்தவர்கள் இன்று எங்கே வேலை செய்கிறார்கள் என்று நேரில் விசாரித்துவிடுங்கள்.

குருவிடம் சேர்ந்து கற்கும் வழி நம் துறையின் முதுகெலும்பு. ஒளிப்பதிவாளர் பி.சி. ஸ்ரீராமிடம் உதவியாளர்களாக இருந்த ஜீவா, கே.வி. ஆனந்த், திரு ஆகியோர் தனித்தனியே பெயர்பெற்ற ஒளிப்பதிவாளர்கள் ஆயினர். ஆசியாவின் முதல் பெண் ஒளிப்பதிவாளர் என்று போற்றப்படும் பி.ஆர். விஜயலட்சுமி, ஒளிப்பதிவாளர் அசோக் குமாரிடம் உதவியாளராக இருந்து கற்று, 1985இல் வெளியான ‘சின்ன வீடு’ படத்தில் தனி ஒளிப்பதிவாளரானார். பெண்களால் கேமராத் துறையில் நிற்க முடியாது என்று இன்னும் சொல்லிக்கொண்டிருப்பவர்களுக்கு இந்த ஆண்டைச் சுட்டிக்காட்டினால் போதும்.

உதவியாளராகச் சேர வேண்டுகோள் அனுப்பும்போது வாழ்க்கை வரலாறு எழுத வேண்டியதில்லை. நீங்கள் எடுத்துத் தொகுத்த இரண்டு நிமிடக் காட்சி ஒன்றின் இணைப்பு, உங்களுக்கு உறுதியாகத் தெரிந்த வேலைகள் எவை, எந்தத் தேதியிலிருந்து வர முடியும் என்ற மூன்றும் போதும். இசையோடு வேகவேகமாக ஓடும் அழகான ஷாட்களின் தொகுப்பைவிட, இரண்டு பேர் பேசும் ஒரு முழுக் காட்சி உங்கள் திறமையைத் தெளிவாகக் காட்டும். மூத்தவர் ஒரு படத்தை முடித்து அடுத்த படத்துக்கு ஆயத்தமாகும் இடைவெளியே கேட்பதற்கு ஏற்ற காலம். படப்பிடிப்பின் நடுவே புதியவரைச் சேர்ப்பது அவருக்கும் சிரமம்.

சேர்ந்த பிறகு கேமராக் குழுவில் பெட்டிகளைச் சரிபார்ப்பது, லென்ஸைத் துடைத்து எடுத்துக் கொடுப்பது, பேட்டரிகளைச் சார்ஜ் செய்வது, கிளாப் அடிப்பது, ஷாட் விவரங்களை எழுதுவது என்று தொடங்கும். ஃபோகஸ் பிடிப்பது தனிக்கலை. அதில் தேர்ந்தவருக்கு வேலை ஒருபோதும் குறைவதில்லை. எடிட்டிங் அறையில், வந்த ரஷ்ஷைப் பிரித்துப் பெயரிடுவது, படத்தையும் ஒலியையும் கிளாப் வைத்து இணைப்பது, படத்தை ஏறக்குறைய இருபது நிமிட ரீல்களாகப் பிரிப்பது, டப்பிங்குக்கும் ரீரெக்கார்டிங்குக்கும் கிராஃபிக்ஸுக்கும் உரிய பிரதிகளை எடுத்தனுப்புவது, இறுதியில் படத்துக்கு நிறம் சேர்க்கும் டி.ஐ. கூடத்துக்குத் தொகுப்பின் டைம்லைனைச் சரியாக ஒப்படைப்பது ஆகியவை உதவியாளரின் பொறுப்பு. வெட்டும் வாய்ப்பு உடனே கிடைக்காது. ஆனால் மூத்தவர் ஒரு காட்சியை ஏன் மாற்றினார் என்பதைக் கவனித்து, இரவில் அதை நீங்களே தனியாகத் தொகுத்துப் பார்த்து ஒப்பிடலாம். ரஷ்ஷை அறைக்கு வெளியே மட்டும் கொண்டுபோகவே கூடாது.

இரண்டும் தெரிந்தவருக்கு மிகப் பொருத்தமான நுழைவாயில் ஒன்று உண்டு. படப்பிடிப்புத் தளத்தில் கார்டுகளிலிருந்து காட்சிகளைப் பிரதியெடுத்து எடிட்டிங் அறைக்கு அனுப்பும் டேட்டா வேலை அது. கார்டிலுள்ளதை இரண்டு தனி ஹார்டு டிஸ்க்குகளுக்கு, பிரதி பிசகவில்லை என்று சரிபார்க்கும் மென்பொருள் வழியாக ஏற்றி, இரண்டையும் வெவ்வேறு வண்டிகளில் அனுப்பி, எடிட்டிங் அறையிலிருந்து வந்து சேர்ந்தது என்ற உறுதி கிடைத்த பின்னரே கார்டை அழிக்க வேண்டும். நூறு பேர் உழைத்த ஒரு நாள் அந்தக் கார்டில் இருக்கிறது. இந்த வேலையில் இருப்பவர் கேமராக் குழுவையும் எடிட்டிங் குழுவையும் நாள்தோறும் சந்திக்கிறார். ஃபோகஸ் போன ஷாட்டையும் விடுபட்ட ஷாட்டையும் செட் கலைக்கப்படும் முன்னரே கண்டு சொல்ல முடிந்தால் இரு தரப்பாரும் அவரை நினைவில் வைத்துக்கொள்வார்கள்.

சங்கமும் ஊதியமும்

தென்னிந்தியத் திரைப்படத் தொழிலாளர் சம்மேளனமாகிய பெப்சியில் ஒளிப்பதிவாளர்களுக்கும் படத்தொகுப்பாளர்களுக்கும் தனித்தனிச் சங்கங்கள் உள்ளன. திரைப்படங்களில் தொடர்ந்து வேலை செய்ய உறுப்பினர் அட்டை தேவைப்படும் என்பதால், உதவியாளராகச் சேர்ந்தவுடனேயே அந்தந்தச் சங்க அலுவலகத்தில் விதிகளையும் கட்டணத்தையும் கேட்டறிந்து, உங்கள் மூத்தவரின் பரிந்துரையோடு விண்ணப்பியுங்கள். ஒரே படத்தில் இரண்டு வேலையும் செய்யப் போகிறீர்கள் என்றால் இரு சங்கங்களிடமும் முன்பே பேசிவிடுவது அவசியம்.

தொடக்க ஆண்டுகளில் வருமானம் சீராக இருக்காது. கேமராக் குழுவில் வேலை செய்த நாளுக்குச் சம்பளமும் பேட்டாவும் கிடைக்கும். ஷெட்யூல் இல்லாத மாதத்தில் ஒன்றும் வராது. படத்தொகுப்பில் மாதக்கணக்கில் வேலை இருக்கும். பணம் தவணைகளாக வரும், கடைசித் தவணை படம் வெளியாகும் வரை தள்ளிப்போவதும் உண்டு. இரண்டு வேலையும் தெரிந்தவர் படப்பிடிப்பு இல்லாத நாட்களில் விளம்பரம், ஆவணப்படம், திருமண வீடியோ போன்றவற்றைத் தொகுத்துக் குடும்பத்தை நடத்திக்கொள்ளலாம். திருமண வீடியோவை இழிவாக எண்ண வேண்டாம். மறுமுறை நடக்காத ஒரு நிகழ்வை, கட்டுப்படுத்த முடியாத வெளிச்சத்தில், தொகுக்கத் தக்க விதத்தில் எடுக்கும் பயிற்சி வேறெங்கும் அவ்வளவு கிடைக்காது.

எந்த வேலையையும் வாய்ப்பேச்சில் ஏற்க வேண்டாம். எத்தனை தவணை, எந்தக் கட்டத்தில் எவ்வளவு, எத்தனை முறை திருத்தம், திரையில் பெயர் எப்படி வரும், ஹார்டு டிஸ்க் யாருடைய செலவு என்பனவற்றை ஒரு பக்கத் தாளில் எழுதி இரு தரப்பும் கையொப்பமிடுவதில் தவறொன்றும் இல்லை. நேர்மையான தயாரிப்பாளர் இதை வரவேற்பார்.

பெரிய படங்களில் இரண்டு பொறுப்பையும் ஒருவரே ஏற்பது பெரும்பாலும் இயலாது. படப்பிடிப்பு நடந்துகொண்டிருக்கும்போதே தொகுப்பும் நடந்தாக வேண்டும்; பகல் முழுதும் தளத்தில் நின்றவர் இரவில் ஒழுங்காகத் தொகுக்க முடியாது. அதோடு, எடுத்தவரின் பற்று இல்லாத இரண்டாவது கண் படத்துக்குத் தேவை. ஆவணப்படம், குறும்படம், மிகச் சிறிய குழுவோடு எடுக்கப்படும் முழுநீளப் படம் ஆகியவற்றில் இருவேலையையும் தயங்காமல் ஏற்கலாம். அப்போதும் எடுத்து முடித்ததற்கும் தொகுக்கத் தொடங்குவதற்கும் இடையே சில வாரங்கள் விட்டுவிடுங்கள்.

தனி ஒளிப்பதிவாளராக முதல் படம் வரும்போது, ஊதியம் பேசுவதோடு, சோதனைப் படப்பிடிப்புக்கு இரண்டு நாள் கேளுங்கள். படத்தின் முக்கிய நடிகர்களை, அவர்களுக்குரிய உடையோடும் ஒப்பனையோடும், படத்தில் வரப்போகும் பகல் வெளிச்சத்திலும் இரவு வெளிச்சத்திலும் எடுத்து, அதைப் படத்தொகுப்பாளரிடம் கொடுத்து ஒரு சிறு காட்சியாகத் தொகுக்கச் சொல்லி, டி.ஐ. கூடத்தில் நிறம் சேர்த்து, திரையரங்கு ஒன்றின் பெரிய திரையில் இயக்குநரோடும் தொகுப்பாளரோடும் சேர்ந்து அமர்ந்து பாருங்கள். கணினித் திரையில் தெரியாத இருட்டும் நிற வேறுபாடும் அங்கே தெரிந்துவிடும். லென்ஸையும் ஒளியமைப்பையும் மாற்ற வேண்டுமானால் முதல் நாள் படப்பிடிப்புக்கு முன்னரே மாற்றிக்கொள்ளலாம்.